விசாரித்துக் கொடுங்கள்



ஷஃபான் பிறை தெரிந்துவிட்டாலே நம்முடைய ஊர்களில் ஜகாத்தைப் பற்றிய பேச்சு தொடங்கிவிடும். வீட்டில் எத்தனை பவுன் இருக்கிறது, கடைச் சரக்கை வாங்கிய விலைக்குக் கணக்கிடுவதா விற்கும் விலைக்குக் கணக்கிடுவதா, வருமோ வராதோ என்று கிடக்கும் கடனுக்கும் ஜகாத் உண்டா என்றெல்லாம் ஆலிம்களிடம் வந்து கேட்பார்கள். கேட்க வேண்டியதுதான். நாற்பதில் ஒன்று என்பது நம்முடைய பணமல்ல. நம்மிடம் இருக்கும் பிறருடைய பணம். அதில் ஒரு ரூபாய் குறைந்தாலும் நாளை மறுமையில் பதில் சொல்லியாக வேண்டும்.

ஆனால் எவ்வளவு என்று கேட்க நூறு பேர் வந்தால், யாருக்கு என்று கேட்க ஒருவர் வருவதில்லை. கணக்கைப் பைசா சுத்தமாகப் பார்த்தவர், கொடுக்கும் நேரம் வந்ததும் கண்ணை மூடிக்கொள்கிறார். நூறு ரூபாய்த் தாள்களாக மாற்றி வைத்துக்கொண்டு, இருபத்தேழாம் கிழமை இரவில் வாசலைத் திறந்துவிடுகிறார். வரிசை தெருமுனை வரை நீளுகிறது. தாள் தீர்ந்ததும் ஜகாத் நிறைவேறிவிட்டது என்று அல்ஹம்து லில்லாஹ் சொல்லிக் கதவைச் சாத்துகிறார்.

இப்படி வாசலைத் திறந்துவிட்டதனால் உயிர்களே போயிருக்கின்றன. இந்தோனேஷியாவில், கிழக்கு ஜாவாவைச் சேர்ந்த பசுருவான் நகரில் 2008 செப்டம்பர் 15 அன்று, நோன்பு மாதத்தின் நடுவில், ஒரு செல்வந்தர் வீட்டில் ஜகாத் பணம் கொடுத்தார்கள். ஆளுக்கு ஏறத்தாழ 30,000 ரூபியா. பெரிய தொகைபோல் தோன்றும். அன்றைய மதிப்பில் மூன்று டாலர் சொச்சம்தான். அதை வாங்க வந்த கூட்டத்தில் 21 பெண்கள் மிதிபட்டும் மூச்சு முட்டியும் இறந்தார்கள். வங்காள தேசத்து மைமன்சிங்கில் 2015 ஜூலை 10 அன்று, ஜகாத் துணி வாங்க விடியுமுன்னே வந்து நின்றவர்களில் 20 பேருக்கு மேல் மாண்டார்கள். யமன் நாட்டு ஸன்ஆவில் 2023 ஏப்ரல் 19 இரவு, வியாபாரிகள் ஒரு பள்ளிக்கூடத்தில் வைத்துப் பணம் கொடுத்தபோது ஏறத்தாழ 80 ஜனாஸாக்கள் விழுந்தன. தூரத்து ஊர்கள்தானே என்று சொல்ல வேண்டாம். நம் மொழி பேசும் மக்கள் வாழும் கொழும்பு மாளிகாவத்தையில், 2020 மே 21 அன்று, கொரோனாக் கட்டுப்பாடுகளுக்கிடையே ரமலான் உதவி வாங்கப் போன மூன்று பெண்கள் நெரிசலில் இறந்தார்கள். பெருநாளுக்கு இரண்டு மூன்று நாட்களே இருந்தன.

கொடுத்தவர்களைத் தூற்றுவது நம் நோக்கமல்ல. அவர்களுடைய நிய்யத்தை அல்லாஹ் அறிவான். நல்ல நிய்யத்தாகவே இருக்கட்டும். நாம் எண்ணிப் பார்க்க வேண்டியது வேறு. இக்லாஸ் இருந்தது, பணமும் இருந்தது. ஆனாலும் காரியம் இப்படி முடிந்தது. வாசலைத் திறந்து வைத்தால் ஏழை தேடி வருவான் என்ற எண்ணமே இதற்கெல்லாம் அடிப்படை. வருகிறவர் யார்? முண்டியடிக்க உடம்பில் வலு உள்ளவர் முன்னால் வருவார். மெலிந்தவர் நெரிபடுவார். பக்கவாதத்தில் படுத்துக் கிடப்பவர் வரமாட்டார். இத்தாவில் இருக்கும் பெண் வரமாட்டாள். நேற்றுவரை பத்துப் பேருக்குச் சோறு போட்டு இன்று கடன்பட்டு நிற்பவர், வரிசையில் நிற்பதைவிடப் பட்டினி மேல் என்று கதவைத் தாழிட்டுக்கொள்வார்.

பெருமானார் ஸல்லல்லாஹு அலைஹி வஸல்லம் அவர்கள் மிஸ்கீன் யார் என்று விளக்கிய ஹதீஸ் புகாரியிலும் முஸ்லிமிலும் இருக்கிறது. ஒரு கவளம் இரண்டு கவளத்துக்காகவும், ஒரு பேரீத்தம்பழம் இரண்டு பழத்துக்காகவும் வீடு வீடாகச் சுற்றுகிறவரை அவர்கள் மிஸ்கீன் என்று சொல்லவில்லை. தேவைக்குப் போதுமானது இல்லாமல், அவருடைய நிலை வெளியே தெரியாததால் யாரும் கொடுக்காமல், தாமாகவும் எழுந்து போய்க் கேட்காமல் இருப்பவரையே மிஸ்கீன் என்றார்கள். இந்த ஹதீஸை நாம் மிம்பரில் எத்தனையோ முறை ஓதியிருக்கிறோம். இதற்குள் ஒரு கட்டளை மறைந்திருப்பதை வெகுநாள் கவனிக்கவில்லை. தெரியாமல் இருப்பவரே மிஸ்கீன் என்றால், தேடிப் போகாமல் அவரை அடைவதற்கு வேறு வழி ஏது?

திருமறையும் இதையே சொல்கிறது. அல்பகரா அத்தியாயத்தின் 273ஆம் வசனத்தில், கேட்காமல் மானத்தோடு இருக்கும் ஏழைகளை, விவரமறியாதவன் வசதி உள்ளவர்கள் என்று எண்ணிக்கொள்வான் என்று அல்லாஹு தஆலா கூறுகிறான். விவரமறியாதவனுக்கு அங்கே வரும் சொல் ஜாஹில். ஓதும்போது அந்த ஜாஹில் வேறு யாரோ என்றுதான் நாம் நினைத்திருந்தோம்.

சில ஆண்டுகளுக்கு முன் ஒரு ரமலானில் தராவீஹ் முடிந்ததும் ஒருவர் நம்மிடம் வந்தார். கண்ணியமான தோற்றம், கையில் ஒரு பெரிய ஆஸ்பத்திரியின் பெயர் போட்ட காகிதங்கள், வேறொரு ஊர் ஜமாஅத்தின் முத்திரை வைத்த கடிதம். மகளுக்கு இதய ஆபரேஷன் என்றார்; சொல்லும்போதே குரல் அடைத்துக்கொண்டது. நமக்கும் மகள் உண்டு. அப்படியே எழுந்து நின்று ஜமாஅத்தாரிடம் உருக்கமாகப் பேசினோம். துண்டை விரித்ததில் 38,000 ரூபாய் சேர்ந்தது. அந்த மனிதர் நம் கையைப் பிடித்து முத்தமிட்டார். அன்றிரவு நமக்கு மிக நன்றாகத் தூக்கம் வந்தது.

பத்து நாள் கழித்து, பக்கத்து ஜில்லாவில் இமாமாக இருக்கும் நம் ஓதல் தோழர் ஒருவர் போன் செய்தார். அதே மனிதர், அதே காகிதங்கள். அவர் கடிதத்திலிருந்த ஊருக்குப் பேசிப் பார்த்திருக்கிறார். அப்படி ஒரு குடும்பமே அங்கில்லை. நம் பள்ளியில் வசூலானதைச் சொல்லி அடுத்த பள்ளியில் கேட்டிருக்கிறார் அந்த மனிதர். நம்முடைய பெயரே அவருக்கு முத்திரையாகியிருந்தது.

இது பாதிதான். மீதியைச் சொல்ல நமக்குக் கூச்சமாக இருக்கிறது. ஆனாலும் சொல்லாவிட்டால் இந்தக் கட்டுரை எழுதியதில் பொருளில்லை. அந்த ரமலானில், நம்முடைய மக்தபில் ஓதும் ஒரு சிறுமி, ஒன்பது வயதிருக்கும், தினமும் அஸருக்குப் பிறகு நோன்புக் கஞ்சி வாங்கப் பெரிய தூக்குவாளியோடு வருவாள். ஒரு முறை வாங்கிக்கொண்டு போய், வைத்துவிட்டு, மறுபடியும் வந்து நிற்பாள். கஞ்சி காய்ச்சுகிறவர் அவள் மேல் புகார் சொன்னார். நாம் அந்தப் பிள்ளையைக் கூப்பிட்டு, எல்லோருக்கும் வேண்டாமா, பேராசை கூடாது என்று நாலு பேர் முன்னால் கண்டித்தோம். அவள் ஒன்றும் பேசவில்லை. மறுநாளிலிருந்து ஒரு முறைதான் வந்தாள்.

பெருநாள் கழிந்தபின் வீட்டார் மூலமாகத்தான் நமக்கு விவரம் தெரிந்தது. அந்தச் சிறுமியின் தகப்பனார் மவுத்தாகி ஒன்றரை வருடம் ஆகியிருந்தது. தாயார் துணி தைத்து இரண்டு பிள்ளைகளையும் வயதான மாமியாரையும் காப்பாற்றி வந்தார். மாமியாரின் வைத்தியச் செலவுக்காகத் தையல் மிஷினை 4,000 ரூபாய்க்கு அடகு வைத்துவிட்டார். இரண்டாம் முறை வாங்கிப் போன கஞ்சி ஸஹருக்கு. வீடு எங்கே தெரியுமா? பள்ளிவாசலுக்குப் பின்சந்தில், நாம் பாங்கு சொல்லும் சத்தம் அவர்கள் அடுப்படிக்குக் கேட்கும். அந்த அம்மாள் வெளியே வந்தால் வெளுத்த துப்பட்டியோடுதான் வருவார். அதைப் பார்த்து நாம் வசதியான வீடு என்று நினைத்திருந்தோம்.

38,000 ரூபாய் ஒரு பொய்க்குப் போயிற்று. 4,000 ரூபாய் இல்லாமல் ஒரு குடும்பம் பள்ளிவாசல் சுவரோரம் பசித்திருந்தது. இரண்டுக்கும் இடையில் நின்றவர் நாம். உண்மையை அறிய ஒரு போன் போதும், ஒரு சந்தைத் திரும்பிப் பார்த்தால் போதும் என்றிருந்தும் இரண்டையும் செய்யவில்லை. மனம் இளகியதையே அமல் என்று எண்ணிவிட்டோம்.

அல்ஹுஜுராத் அத்தியாயத்தின் 6ஆம் வசனத்தை எல்லோரும் அறிவோம். ஒரு தீயவன் ஒரு செய்தி கொண்டு வந்தால், அறியாமையால் ஒரு கூட்டத்தாருக்குத் தீங்கிழைத்துவிட்டுப் பின்பு வருந்தாமல் இருக்க, அதைத் தீர விசாரித்துக்கொள்ளுங்கள் என்பது அதன் கருத்து. இந்த வசனம் இறங்கிய காரணமாகத் தஃப்ஸீர்களில் எழுதப்படும் நிகழ்ச்சியே ஜகாத்தைப் பற்றியதுதான் என்பதைப் பலர் கவனிப்பதில்லை. பனூ முஸ்தலிக் கூட்டத்தின் தலைவர் ஹாரிஸ் இப்னு ளிரார் (ரலி) அவர்கள் தம் மக்களின் ஜகாத்தைச் சேர்த்து வைத்து, நாயகம் (ஸல்) அவர்களின் ஆள் வருவதை எதிர்பார்த்திருந்தார்கள். அனுப்பப்பட்டவர் வழியிலேயே அஞ்சித் திரும்பி, அவர்கள் ஜகாத் தர மறுத்துத் தம்மைக் கொல்லவும் பார்த்தார்கள் என்று சொல்லிவிட்டார். (அவர் பெயரை இங்கே எழுதாமல் விடுவதே அதபு.) படை புறப்பட்டது. வழியில் எதிர்ப்பட்ட ஹாரிஸ் (ரலி) அவர்கள், அந்த மனிதரைத் தாம் கண்ணால்கூடக் காணவில்லை என்று சத்தியம் செய்தார்கள். ஒரு செய்தியை விசாரிக்காமல் நம்பியிருந்தால், ஜகாத்தைக் கையில் வைத்துக்கொண்டு காத்திருந்த ஒரு சமூகத்தின் மேல் வாள் விழுந்திருக்கும்.

இன்றைக்குச் செய்தி கொண்டு வருபவர் ஒட்டகத்தில் வருவதில்லை, கைபேசியில் வருகிறார். குழாய் சொருகிய ஒரு குழந்தையின் படம், கீழே ஒரு வங்கிக் கணக்கு எண், இதைப் பத்துப் பேருக்கு அனுப்புங்கள் என்ற வேண்டுகோள். நன்மை என்று எண்ணி அனுப்பிவிடுகிறோம். படத்திலுள்ள குழந்தை இப்போது பள்ளிக்கூடம் போய்க்கொண்டிருக்கலாம். அல்லது அந்தக் கணக்கு எண்ணுக்கும் குழந்தைக்கும் சம்பந்தமே இல்லாதிருக்கலாம். கேட்டதையெல்லாம் சொல்லித் திரிவதே ஒரு மனிதன் பொய்யனாவதற்குப் போதுமானது என்ற கருத்தில் நபிமொழி ஸஹீஹ் முஸ்லிமின் முன்னுரையிலேயே இடம் பெற்றிருக்கிறது. நல்ல நோக்கத்தோடு சொன்னால் பரவாயில்லை என்று அதில் விதிவிலக்கு எதுவும் இல்லை.

ஆலிம்களாகிய நாமும் இதில் தப்பித்துக்கொள்ள முடியாது. சீனா சென்றேனும் கல்வியைத் தேடுங்கள் என்ற வாசகத்தை ஹதீஸ் என்று சொல்லாத மதரஸா ஆண்டு விழா உண்டா? இமாம் பைஹகீ (ரஹ்) அவர்கள் அது பிரபலமானதுதான், ஆனால் அறிவிப்பாளர் தொடர் பலவீனமானது என்றார்கள். இப்னுல் ஜவ்ஸீ (ரஹ்) அவர்கள் இட்டுக்கட்டப்பட்டவற்றின் கூட்டத்திலேயே அதைச் சேர்த்தார்கள். நல்ல கருத்தாயிற்றே என்பதற்காக அவர்கள் விட்டுவிடவில்லை. நல்ல கருத்தைக்கூட யார் சொன்னது, யாரிடமிருந்து வந்தது என்று துருவிக் கேட்ட முன்னோர்களின் வாரிசுகள், கையில் உள்ள காகிதத்தைக்கூடத் திருப்பிப் பார்க்காமல் துண்டை விரிக்கிறோம்.

சரி, சட்டம் என்ன சொல்கிறது? நம் நாட்டில் ஹனஃபிகளும் ஷாஃபிஈகளும் கலந்து வாழ்வதால் இரண்டையும் சொல்கிறோம். ஹனஃபி மத்ஹபின் ஹிதாயாவில், ஒருவர் ஜகாத் பெறத் தகுதியுள்ளவரா என்று ஆராய்ந்து, தகுதியுள்ளவர் என்ற எண்ணம் மேலோங்கிக் கொடுத்து, பிறகு அவர் செல்வந்தர் என்று தெரிய வந்தால், இமாம் அபூஹனீஃபா, இமாம் முஹம்மத் (ரஹ்) ஆகியோரிடம் ஜகாத் கூடிவிடும். மறுபடி கொடுக்க வேண்டியதில்லை. ஆனால் சந்தேகம் இருந்தும் ஆராயாமல் கொடுத்தால், அவர் ஏழைதான் என்று தெரிய வந்தாலன்றி அது கூடாது. தவறு இரண்டிலும் ஒன்றேதான். ஆராய்ந்தவருக்கு மன்னிப்பு, ஆராயாதவருக்கு இல்லை. ஷாஃபிஈ மத்ஹபில் இது இன்னும் இறுக்கம்; பணக்காரர் தாமே கொடுத்து, வாங்கியவர் தகுதியற்றவர் என்று தெரிந்தால் மீண்டும் கொடுக்க வேண்டும் என்பதே பலமான சொல். ஏழையின் கோலத்தில் ஏழைகளோடு நிற்பதைக் கண்டு கொடுப்பதும் ஓர் அடையாளத்தைப் பார்த்துக் கொடுத்ததே என்று ஹனஃபி இமாம்கள் எழுதியிருப்பதையும் மறைக்கக் கூடாது. மார்க்கம் யாரையும் நெருக்கவில்லை. ஆனால் சட்டத்தில் தப்பித்துக்கொள்வது வேறு. நாற்பதில் ஒன்றை உரியவர் கையில் சேர்ப்பது வேறு.

எப்படி விசாரிப்பது என்பதற்கும் வழி இருக்கிறது. கபீஸா இப்னு முகாரிக் (ரலி) அவர்கள், பிறருக்காக ஏற்றுக்கொண்ட கடன் சுமைக்காக நாயகம் (ஸல்) அவர்களிடம் உதவி கேட்டு வந்தார்கள். ஸதகா வரும்வரை இருங்கள் என்று கூறிய நாயகம் (ஸல்) அவர்கள், மூவருக்கே கேட்பது ஆகுமென்று விளக்கினார்கள். அதில் மூன்றாமவர் வறுமை பீடித்தவர். அவருடைய சமூகத்தில் அறிவுத் தெளிவுள்ள மூன்று பேர், இவரை வறுமை பிடித்துவிட்டது என்று சொல்ல வேண்டும். முஸ்லிமில் வரும் ஹதீஸ் இது. வெளியூர் முத்திரை அல்ல. அவரை அறிந்த, அவரோடு வாழ்கிற, விவரமுள்ள மூன்று பேர். ஜகாத்தின் எட்டு வகையினரைச் சொல்லும் அத்தவ்பா 60ஆம் வசனத்திலும் ஃபகீருக்கும் மிஸ்கீனுக்கும் அடுத்தபடியாக அதற்காக உழைப்பவர்களையே அல்லாஹ் கூறுகிறான். தேடித் திரட்டிச் சேர்க்கும் வேலைக்குக் கூலி அந்தப் பணத்திலிருந்தே ஒதுக்கப்பட்டிருக்கிறது. அந்த வேலை இல்லாமல் ஜகாத் இல்லை என்று விளங்க இதைவிட என்ன வேண்டும்?

இங்கே சிலர் ஒரு ஹதீஸைக் கொண்டு வருவார்கள். முன் சமுதாயத்தில் ஒருவர் இரவில் தர்மம் செய்யப் போய், அறியாமல் ஒரு திருடனுக்கும், ஒரு விபசாரிக்கும், ஒரு செல்வந்தனுக்கும் கொடுத்துவிட்டார். அவருடைய தர்மம் ஏற்கப்பட்டது என்பது புகாரியில் இருக்கிறதே, பிறகு ஏன் விசாரணை என்பார்கள். உண்மைதான், இருக்கிறது. ஆனால் அந்த மனிதர் ஒவ்வொரு முறையும் தவறிவிட்டதே என்று அறிந்து, மறுநாளும் சரியான கையைத் தேடித்தானே புறப்பட்டார்? முயன்று தவறியவருக்கு அது ஆறுதல். முயலாமல் இருப்பவர் அதைத் தலையணையாக்கிக்கொள்ளலாமா?

வலக்கரம் கொடுப்பது இடக்கரத்துக்குத் தெரியக் கூடாது என்பதையும் சிலர் இப்படியே எடுத்துக்கொள்கிறார்கள். கொடுப்பவரின் பெருமை மறைய வேண்டும் என்பதற்கு வந்த சொல் அது. வாங்குபவரின் நிலை கொடுப்பவருக்குத் தெரியக் கூடாது என்பதற்கல்ல. நாமோ தலைகீழாகச் செய்கிறோம். யாருக்குக் கொடுத்தோம் என்பது நமக்குத் தெரியாது. நாம் கொடுத்தோம் என்பது ஊருக்கெல்லாம் தெரியும். பேனர் கட்டி, ஒரு தையல் மிஷினை எட்டுப் பேர் பிடித்துக்கொண்டு, நடுவில் தலைகுனிந்த ஒரு பெண்ணை நிறுத்தி எடுக்கும் படங்களைத்தான் சொல்கிறோம். சொல்லிக் காட்டியும் நோவித்தும் தர்மத்தைப் பாழாக்காதீர்கள் என்று அல்பகராவில் வந்திருப்பது இதற்கும் சேர்த்துத்தான். விசாரணை என்ற பெயரில் போலீஸ்காரரைப்போல் வீட்டுக்குள் நுழைந்து பானையைத் திறந்து பார்ப்பதும் இதே பாவத்தின் இன்னொரு முகம். பெண்களைப் பெண்களே கேட்க வேண்டும். பக்கத்து வீட்டாருக்கும் மளிகைக் கடைக்காரருக்கும் தெரியாத வறுமை அநேகமாக இருக்காது.

விசாரித்துக் கண்டுபிடித்தபின் எவ்வளவு கொடுப்பது? இங்கேதான் நம் முன்னோர்களின் அறிவைக் கண்டு நாம் வியக்கிறோம். ஹிஜ்ரி 676இல் மறைந்த இமாம் நவவீ (ரஹ்) அவர்களின் மின்ஹாஜை ஷாஃபிஈ மதரஸாக்களில் ஓதாதவர் இல்லை. ஏழைக்கு ஓராண்டுக்குப் போதுமானது கொடுக்க வேண்டும் என்ற சொல்லை அதில் எடுத்துக் கூறிவிட்டு, அதைவிடச் சரியானது, சாதாரணமாக ஒருவர் வாழக்கூடிய ஆயுள் முழுவதற்கும் போதுமானதைக் கொடுப்பதே என்று எழுதுகிறார்கள். கட்டுக்கட்டாகப் பணம் என்று பொருளல்ல. வருமானம் தரும் ஒரு சொத்தை வாங்கிக்கொள்ளும்படி கொடுப்பது. தொழில் தெரிந்தவருக்கு அந்தத் தொழிலின் கருவியும், வியாபாரிக்கு அந்த வியாபாரத்தின் முதலும் தர வேண்டும். மஜ்மூஃ நூலில் கணக்கே போட்டுக் காட்டுகிறார்கள்: கீரை விற்பவருக்கு ஐந்தோ பத்தோ திர்ஹம், இரத்தினம் விற்பவர் கதியற்றுப் போனால் அவருக்குப் பத்தாயிரம் திர்ஹம்கூட. நம்மில் யாருக்காவது இப்படிச் சிந்திக்கத் துணிவு வருமா? ஆளுக்கு இருநூறு என்று எல்லோருக்கும் சமமாகப் பிரிப்பதை நீதி என்று எண்ணிக்கொண்டிருக்கிறோம். இருநூறு ரூபாய் வாங்கியவர் அடுத்த ரமலானிலும் அதே வரிசையில் நிற்கிறார். அவருடைய பிள்ளையும் பக்கத்தில் நிற்கிறது.

ஓர் அன்ஸாரித் தோழர் கேட்டு வந்தபோது, அவர் வீட்டிலிருந்த விரிப்பையும் பாத்திரத்தையும் ஏலம் விட்டு, கோடரி வாங்கி, விறகு வெட்ட அனுப்பிய நிகழ்ச்சியை இந்த இடத்தில் சொல்வது வழக்கம். அபூதாவூதில் இருக்கிறது. அதன் அறிவிப்பாளர் தொடரில் முஹத்திஸீன்களுக்குப் பேச்சு உண்டு என்பதையும் சேர்த்தே சொல்லிவிடுகிறோம். விசாரிக்கச் சொல்லும் கட்டுரையில் விசாரிக்காமல் எழுதுவது அழகல்ல.

நம் மஹல்லாவில் என்ன நடந்தது என்பதைச் சொல்லி நிறுத்துகிறோம். அந்தத் தையல் மிஷின் விஷயம் தெரிந்தபின், வெட்கத்தோடு முத்தவல்லி அவர்களிடம் எல்லாவற்றையும் சொன்னோம். அதுவரை செல்வந்தர்கள் சிலர் சேர்ந்து 60,000 ரூபாயை 300 பேருக்கு ஆளுக்கு 200 என்று கொடுத்து வந்தார்கள். அடுத்த ஷஃபானில் தெருவுக்கு மூன்று பேர் என்று விவரமுள்ளவர்களைக் கேட்டுப் பட்டியல் எடுத்தோம். நம் வீட்டாரும் இன்னும் இரண்டு தாய்மார்களும் வீடுகளுக்குப் போய்ப் பேசிவிட்டு வந்தார்கள். 41 வீடுகள் வந்தன. அதில் 9 வீடுகளைத்தான் நாம் முன்பே அறிந்திருந்தோம். ஆறு வருடம் அந்தப் பள்ளியில் இமாமத் செய்தும் 32 வீடுகளை நாம் அறியவில்லை.

அந்த ஆண்டு மிக நெருக்கடியிலிருந்த 12 வீடுகளுக்கு ஆளுக்கு 5,000 என்று அவர்கள் கையிலேயே கொடுத்தோம். (ஒரு வகைக்கு மூவருக்குக் குறையக் கூடாது என்ற ஷாஃபிஈ சட்டம் நினைவிருக்கிறது, 12 என்பது மூன்றைவிடக் கூடுதல்தான்.) அடகிலிருந்த மிஷின் வீட்டுக்கு வந்துவிட்டது. ஒருவர் பழைய தள்ளுவண்டி வாங்கிப் பழம் விற்றார். ஒருவர் ஆடு வாங்கினார்; அது நோய் வந்து செத்துவிட்டது. ஒருவர் வாங்கிய பணத்தை மகள் சீருக்குச் செலவழித்துவிட்டார்; அது நம்முடைய விசாரணையின் குறை. அடுத்த ஆண்டுப் பட்டியலில் அந்த 12 வீடுகளில் 5 வீடுகள் இல்லை.

எல்லோருக்கும் இது பிடித்ததா என்றால், இல்லை. 300 பேரில் பெரும்பாலோர் நம் மேல் கோபப்பட்டார்கள். வாசலில் கூட்டம் இல்லாமல் ரமலான் களை கட்டவில்லை என்று ஒரு பெரியவர் வருத்தப்பட்டார். அவர் வருத்தத்தையும் நாம் அலட்சியம் செய்யவில்லை. அள்ளுஹா அத்தியாயத்தில் கேட்பவரை விரட்டாதீர்கள் என்று வந்திருக்கிறது. அல்மஆரிஜில் கேட்பவருக்கும், கேட்காமல் இழந்து நிற்பவருக்கும் செல்வத்தில் உரிமை உண்டென்று வந்திருக்கிறது. இரண்டு பேரும் இருக்கிறார்கள். கை நீட்டுபவருக்கு நம் சொந்த சதக்காவிலிருந்து கேள்வி கேட்காமல் கொடுப்போம். ஜகாத் பணத்துக்குத்தான் விசாரணை.

கடந்த இருபத்தேழாம் கிழமை இரவில், தராவீஹ் முடிந்து கேட்டைச் சாத்தப் போகும்போது ஒரு மூதாட்டி தனியாக நின்றுகொண்டிருந்தார். இங்கே எப்போதும் இருநூறு கொடுப்பார்களே, இப்போது இல்லையா தம்பி என்று கேட்டார். சட்டைப் பையிலிருந்ததை எடுத்துக் கொடுத்துவிட்டு, உம்மா எந்தத் தெரு என்று விசாரித்தோம். நம் ஊர் இல்லை; நாலு மைல் தள்ளி ஒரு கிராமம். இந்த ஒரு இரவுக்காக பஸ் ஏறி வந்திருக்கிறார். கடைசி பஸ் போய்விட்டது. வீட்டில் தங்க வைத்து, ஸஹர் கொடுத்து, அந்த ஊர் இமாமின் நம்பரைத் தேடிப் பிடித்து சுப்ஹுக்கு முன்பே போன் செய்தோம். அந்தப் பெயரில் அப்படி ஒருவர் தம் மஹல்லாவில் இருப்பதே அவருக்குத் தெரிந்திருக்கவில்லை. தொழுகை முடிந்ததும் போய்ப் பார்த்துவிட்டுச் சொல்கிறேன் என்றார்.